சூரியக் கல்லைத் தேடி: ஐஸ்லாந்தில் ஐந்து நாள்

நாள் 1: ரெய்க்யவிக்

ஐஸ்லாந்துக்குப் போகிறேன் என்று நான் சொன்னதை உறையூரில் எங்கள் தெருவில் ஒருவரும் சரியாகக் காதில் வாங்கவில்லை. "தங்கச்சி பொண்ணு அயர்லாந்துலதானே இருக்கு, நல்லபடியா போயிட்டு வாங்க டீச்சர்" என்று அவர்களே திருத்திக்கொண்டார்கள். அதுவும் பொய்யில்லை. டப்ளினில் அவள் வீட்டில் பத்து நாள் இருந்து, ரசம் வைத்துக் கொடுத்து, அலமாரியைக் கொஞ்சம் ஒழுங்குபண்ணிவிட்டு, இன்று காலை அவளையும் இழுத்துக்கொண்டு விமானம் ஏறினேன். இரண்டரை மணி நேரத்தில் இங்கே.

அருவிக்கும் எரிமலைக்கும் வருகிற ஊர் இது. நான் வந்தது ஒரு கல்லுக்காக.

என் கைப்பையில் ஒரு பழைய விக்ஸ் டப்பா இருக்கிறது. உள்ளே பஞ்சில் சுற்றிய அரைத் துண்டுக் கல். கட்டை விரல் நுனி அளவுதான். பக்கங்களில் கறுப்பு வண்ணம், ஒரு முகம் மட்டும் சாய்வாக அறுத்து மெருகிட்டது. அந்த முகத்தில் காய்ந்த தேன் மாதிரி மஞ்சள் பிசிர் ஒட்டியிருக்கும். இது ஒரு நிகோல் பட்டகத்தின் பாதி; ஒரே தளத்தில் அதிரும் வெளிச்சத்தை மட்டும் வடிகட்டி விடும் படிகம் அது. மீதிப் பாதி என்னால் போனது.

1986. கல்லூரியில் இயற்பியல் டெமான்ஸ்ட்ரேட்டராகச் சேர்ந்த முதல் வருடம். இருட்டறையில் சோடியம் விளக்கின் மஞ்சள் வெளிச்சத்தில் சர்க்கரைக் கரைசலை வைத்து வெளிச்சத்தின் அதிர்வுத் தளம் எவ்வளவு திரும்புகிறது என்று மாணவிகள் வாசிப்பு எடுப்பார்களே, அந்தப் போலாரிமீட்டர். அதற்குள் பித்தளைக் குழாயில் இருந்த பட்டகம் எண்ணெய்ப் பிசுக்கு ஏறிக் கிடந்தது. நான் புதுசு, சுறுசுறுப்பு. பக்கத்துத் தாவரவியல் லேபில் சைலீன் வாங்கி ராத்திரி முழுக்க ஊறவைத்தேன். காலையில் பார்த்தால் பட்டகம் இரண்டு துண்டு. இரண்டையும் ஒட்டியிருந்தது கனடா பால்சம் என்ற மரப்பிசின். தாவரவியல்காரர்கள் ஸ்லைடு ஒட்டுவதும் அதே பிசினில்தான், அதைக் கரைப்பதும் அதே சைலீனில்தான். அந்த லேப் அட்டெண்டரை ஒரு வார்த்தை கேட்டிருந்தால் சொல்லியிருப்பார். பதறிக் கழுவும்போது ஒரு துண்டு கை நழுவித் தொட்டியில் விழுந்து மூலை தெறித்தது. துறைத்தலைவர் வருவதற்குள் உதிரி டப்பாவிலிருந்து வேறு பட்டகத்தை மாட்டிவிட்டேன். நல்ல பாதி என்னுடனே வந்துவிட்டது. முப்பத்தொரு வருடம் அங்கே வேலை பார்த்தேன், யாரிடமும் சொல்லவில்லை. இன்றைக்கு ஊரறியச் சொல்லிவிட்டேன்.

அந்தக் கல்லுக்குப் பெயர் கால்சைட். கண்ணாடி மாதிரி தெளிவாக இருக்கும் வகைக்கு உலகம் முழுக்க ஐஸ்லாந்தின் பெயர்தான். இங்கே அதைச் சில்ஃபுர்பெர்க் என்கிறார்கள், வெள்ளிப் பாறை. கடற்கரையில் தேன்கூடு மாதிரிக் கண்ணாடி அடுக்கிய ஹார்ப்பா கச்சேரி மண்டபம் இருக்கிறது. 2011இல் திறந்தது. அதன் அரங்குகளில் ஒன்றுக்கே சில்ஃபுர்பெர்க் என்று பெயர் வைத்திருக்கிறார்கள். மத்தியானம் அதன் வாசலில் நின்று படம் எடுத்துக்கொண்டேன்.

கல்லுக்கு இன்னொரு பெயரும் உண்டு என்கிறார்கள். சோலர்ஸ்டெய்ன், சூரியக் கல். மேகம் மூடிய நாளில் தூக்கிப் பிடித்தால் சூரியன் எங்கே இருக்கிறான் என்று காட்டிக்கொடுக்கும் மாயக் கல். வைக்கிங் மாலுமிகள் திசைகாட்டி இல்லாத காலத்தில் இதை வைத்துத்தான் கடல் தாண்டினார்களாம். எங்கள் பாட்டியும் ஒரு கல் சொல்வாள்: சூரியகாந்தக் கல், வெயில் பட்டால் நெருப்பைக் கக்கும். நம் ஊர்க் கல்லுக்கு வெயில் இருந்தால்தான் வேலை. இவர்கள் ஊரில் வெயிலுக்கு எங்கே போவது? அதனால் இவர்கள் கல் வெயில் இல்லாதபோது வேலை செய்கிறது.

சாயங்காலம் கடைத்தெருவில் ஒரு கடையில் சாய்சதுரக் கால்சைட் குவித்து வைத்திருந்தார்கள். ஒன்றை எடுத்து விலைச்சீட்டின் மேல் வைத்தேன். விலை இரண்டாகத் தெரிந்தது, ஒன்றின் மேல் ஒன்று லேசாக விலகி. மூவாயிரம் குரோனா, நம் பணத்தில் ஏறக்குறைய இரண்டாயிரம். வாங்கினேன். பில் போடும்போது, எந்த மலையில் எடுத்தது என்று ஆசையாகக் கேட்டேன். அந்தப் பெண் ஒளிக்காமல் சொன்னாள்: "மெக்சிகோ."

நாள் 2: ரெய்க்யவிக்கிலிருந்து எஸ்கிஃபியோர்துர்

முதலில் ஒரு திருத்தம். நேற்று எழுதியதைத் தங்கை மகள் ராத்திரியே படித்துவிட்டாள்.

"பெரியம்மா, வைக்கிங் கப்பல்ல இந்தக் கல் இருந்துச்சுன்னு எங்க எழுதியிருக்கு?"

"எல்லாரும் சொல்றாங்களேடி."

"எல்லாரும்னா யாரு? உங்க ஸ்டூடண்ட் இப்படி எழுதியிருந்தா மார்க் போட்டிருப்பீங்களா?"

போட்டிருக்க மாட்டேன். அதனால் இன்று விமானத்துக்குக் காத்திருந்த நேரத்தில் அந்தக் கதையை அவள் போனில் ஒழுங்காகப் படித்தேன். பதினோராம் நூற்றாண்டு நார்வே மன்னன் ஒலாஃப், ரவுதுல்ஃப் என்ற குடியானவன் வீட்டுக்கு விருந்தாளியாகப் போகிறான். அவன் மகன் சிகுர்துர், சூரியன் கண்ணுக்குத் தெரியாவிட்டாலும் அது எங்கே இருக்கிறது என்று தன்னால் சொல்ல முடியும் என்கிறான். வெளியே ஒரே மூட்டம், பனி கொட்டுகிறது. மன்னன் ஆளை விட்டு வானத்தைப் பார்க்கச் சொல்கிறான். எங்கும் ஒரு கிழிசல்கூட இல்லை. சிகுர்துர் இடத்தைச் சொல்கிறான். மன்னன் தன் சூரியக் கல்லைக் கொண்டுவரச் சொல்லித் தூக்கிப் பிடிக்கிறான். பையன் சொன்னது சரி.

இவ்வளவுதான் கதை. இதில் கடலும் இல்லை, கப்பலும் இல்லை. கல் வருவதே பையனைச் சோதிக்கத்தான். அது எப்படி இருக்கும், என்ன நிறம், ஒன்றும் சொல்லவில்லை. பிற்காலத்து ஐஸ்லாந்து தேவாலயங்களின் சொத்துப் பட்டியல்களிலும் சூரியக் கல் என்று ஓர் இனம் வருகிறது, குத்துவிளக்கு, பாத்திரம் எழுதுகிற மாதிரி. தேவாலயத்துக்கு எதற்குச் சூரியக் கல் என்று அங்கேயும் விளக்கம் இல்லை.

கப்பலைக் கொண்டுவந்தவர் தார்கில்ட் ராம்ஸ்கோ என்ற டென்மார்க் தொல்லியலாளர். அதுவும் 1967இல். வானத்து வெளிச்சம் தளவிளைவு அடைந்தது (அதன் அதிர்வு பெரும்பாலும் ஒரே தளத்தில் இருக்கும்), அதைப் பிரித்துக் காட்டும் படிகம் ஒன்று கையில் இருந்தால் மறைந்த சூரியனின் திசையைக் கண்டுபிடிக்கலாம் என்றார். பிரான்சில் ரென் பல்கலைக்கழகத்தார் 2011இல் கால்சைட்டை வைத்துச் செய்து பார்த்தார்கள், மிகச் சில டிகிரிப் பிழையில் திசை கிடைத்தது. இங்கிலீஷ் கால்வாயில் ஆல்டர்னி தீவுக்கருகே 1592இல் மூழ்கிய கப்பலில் ஒரு கால்சைட் துண்டு கிடைத்திருக்கிறது. வரைபடத்தில் தூரம் அளக்கும் கவராயத்துக்குப் பக்கத்திலேயே கிடந்ததாம். ஆனால் அது இங்கிலாந்துக் கப்பல், வைக்கிங் காலம் முடிந்து ஐந்நூறு வருடத்துக்குப் பிறகு.

ஆக, முடியும் என்பது நிரூபணம். செய்தார்களா என்பது வேறு கேள்வி. நேற்றைய வாக்கியத்தை அடித்துவிட்டதாக வைத்துக்கொள்ளுங்கள்.

ரெய்க்யவிக் உள்ளூர் விமான நிலையம் நம் ஊர் பஸ் ஸ்டாண்டைவிடச் சாது. கிழக்கே எகில்ஸ்டாடிர் போய் இறங்க ஒரு மணி நேரம். அங்கிருந்து வாடகைக் கார். பாட்டி ஊர் மாதிரி சொல்வதற்குச் சுலபமான பெயர் இந்தப் பக்கம் ஒன்றும் இல்லை: ரெய்தார்ஃபியோர்துர், எஸ்கிஃபியோர்துர். ஃபியோர்துர் என்றால் மலைகளுக்கு நடுவே கடல் நீளமாக உள்ளே புகுந்த இடம். நாங்கள் ரெய்தர், எஸ்கி என்று சுருக்கிக்கொண்டோம்.

ரெய்தர் கரையில் காரை நிறுத்தித் தயிர்சாதம் சாப்பிட்டோம். இங்கே ஸ்கீர் என்று கெட்டித் தயிர் கிடைக்கிறது; துணியில் கட்டித் தொங்கவிட்ட தயிர் மாதிரியே இருக்கிறது. டப்ளினில் வடித்துக் கொண்டுவந்த சோறு, மாவடு. கடல் பளபளவென்று கண்ணைக் கூசியது. "இதைப் போட்டுக்கோங்க" என்று அவள் போலராய்டு கறுப்புக் கண்ணாடியைக் கழற்றிக் கொடுத்தாள். போட்டதும் கூச்சம் காணோம், தண்ணீருக்கு அடியில் கிடந்த கூழாங்கல் தெரிந்தது. தலையைச் சாய்த்தேன், கூச்சம் திரும்பி வந்தது. நிமிர்த்தினேன், போனது. பக்கத்து மேசைக் குடும்பம் என்னைக் கொஞ்சம் கவலையோடு பார்த்தது.

இதே வேலையை 1921இல் நம்ம ஊர்க்காரர் ஒருவர் கப்பலில் செய்தார். திருச்சியில் பிறந்த சர் சி.வி. ராமன்தான். இங்கிலாந்திலிருந்து நார்குண்டா கப்பலில் திரும்பி வரும்போது மத்தியதரைக் கடலின் நீலம் அவரைப் பிடித்துக்கொண்டது. கடல் நீலமாக இருப்பது வானத்தின் பிரதிபலிப்பால் என்று ஆங்கில இயற்பியலாளர் ராலே சொல்லியிருந்தார். ராமன் பையிலிருந்த சின்ன நிகோல் பட்டகத்தை எடுத்து, சரியான கோணத்தில் பிடித்து, தண்ணீரின் மேல்பரப்பிலிருந்து தெறிக்கும் வெளிச்சத்தை மட்டும் அணைத்தார். நீலம் மங்கவில்லை, இன்னும் ஆழமாகத் தெரிந்தது. அப்படியானால் அது தண்ணீரே சிதறடிக்கும் நீலம். அங்கே தொடங்கிய நூல்தான் ராமன் விளைவைக் கண்டுபிடித்த 1928 பிப்ரவரி 28க்குப் போய்ச் சேர்ந்தது. அந்தப் பட்டகத்தின் கல் எந்த மலையிலிருந்து வந்தது என்று அவர் எழுதி வைக்கவில்லை. ஆனால் அந்தக் காலத்தில் நல்ல நிகோலுக்குக் கல் என்றால் எல்லாரும் கை நீட்டியது இந்த ஃபியோர்டின் வடகரை பக்கம்தான். நாளைக்கு அங்கே போகிறோம்.

நாள் 3: ஹெல்குஸ்தாதிர்

எஸ்கியிலிருந்து கிழக்கே கடலை ஒட்டிச் சரளைக்கல் சாலை. பத்து கிலோமீட்டர்கூட இல்லை. ஓரிடத்தில் வண்டி நிறுத்த இடம், ஒரு தகவல் பலகை. அங்கிருந்து மேலே நடை. என் முழங்காலுக்கு இருபது நிமிடம், அவளுக்குப் பத்து.

பெரிய குகை, உள்ளே தூண் தூணாகப் படிகம், அதில் நீல வெளிச்சம் என்று கற்பனை செய்துகொண்டு யாரும் வராதீர்கள். மலைச்சரிவில் ஒரு வெட்டுக்குழி, அவ்வளவுதான். நம் பக்கம் கல்குவாரி மாதிரி, ஆனால் அதில் பாதிகூட இல்லை. கறுப்புப் பாறை, பச்சைப் பாசி, பக்கத்தில் ஒரு ஓடை. கீழே இன்னொரு இடத்தில் குடைந்த சுரங்க வாய், உள்ளே சொட்டுச் சொட்டென்று சத்தம். எனக்குச் சப்பென்றுதான் ஆகிவிட்டது.

அப்போது மேகம் கொஞ்சம் விலகியது. பாதை மினுங்கியது.

குனிந்து பார்த்தேன். நடந்து வந்த பாதை முழுக்கப் பொடிப்பொடியாகக் கால்சைட். கல் உப்பைக் கொட்டிவிட்ட மாதிரி. ஒரு மூக்குத்திக் கல் அளவுத் துண்டுகூடச் சாய்சதுரமாகவே இருக்கிறது. கால்சைட்டை எப்படி உடைத்தாலும் மூன்றே திசையில்தான் பிளக்கும். பெரிய கல்லின் அதே கோணம், 78க்கு 102 டிகிரி, பொடியிலும் வரும். முப்பது வருடம் கரும்பலகையில் சாய்சதுரம் வரைந்து காட்டிய நான், மண்டிபோட்டு அந்தப் பொடியைப் பார்த்துக்கொண்டிருந்தேன். பாறைச் சுவரிலும் கைக்கெட்டும் உயரத்தில் வெள்ளைத் தடம் ஓடுகிறது. நிறையக் கலங்கல், விரிசல். நடுவில் ஓரிடத்தில் உள்ளங்கை அகலத்துக்குத் தண்ணீர் மாதிரித் தெளிவு. அதற்குள் பார்த்தால் பின்னாலிருந்த கீறல் இரட்டையாகத் தெரிந்தது.

பொருள் ஒன்றும் அபூர்வமில்லை. கால்சியம் கார்பனேட். சுண்ணாம்புக்கல்லும் கிளிஞ்சலும் அதேதான். நகத்தைவிடக் கொஞ்சம் கெட்டி, செப்புக் காசு உரசினால் கீறல் விழலாம், இரண்டு சொட்டு அமிலம் விட்டால் நுரைத்துவிடும். அபூர்வம் அதன் தெளிவுதான். ஒரு கோடி ஆண்டுக்கு மேல் பழைய எரிமலைப் பாறை இது. அதன் பொந்துகளில் வெந்நீர் புகுந்து, கரைத்துக் கொண்டுவந்த சுண்ணாம்பைக் கொஞ்சம் கொஞ்சமாகப் படியவிட்டிருக்கிறது. அவசரம் இல்லாமல் வளர்ந்ததால் இந்தத் தெளிவு.

1669இல் கோபன்ஹேகன் பேராசிரியர் ராஸ்முஸ் பார்தோலின் இந்தப் பக்கத்திலிருந்து வந்த கல்லை எழுத்தின் மேல் வைத்துப் பார்த்தார். இரண்டு எழுத்து. கல்லைச் சுழற்றினால் ஒன்று அசையாமல் நிற்க, மற்றது அதைச் சுற்றி வந்தது. நிற்பதைச் சாதாரணக் கதிர் என்றும் சுற்றுவதை அசாதாரணக் கதிர் என்றும் இன்றைக்கும் வகுப்பில் சொல்கிறோம். (ஒளிக்கு வேகம் உண்டு என்று 1676இல் காட்டிய ஓலே ரோமர் இவருடைய மாப்பிள்ளை. அந்த வீட்டில் சாப்பாட்டு நேரத்தில் வேறென்ன பேசியிருப்பார்கள்!) டச்சு அறிஞர் ஹைகன்ஸ் 1690இல் இதற்கு விளக்கம் சொல்லப் பார்த்தார். 1808இல் பாரிஸில் மாலுஸ் என்பவர், எதிரே அரண்மனை ஜன்னலில் தெறித்த அந்தி வெயிலை இந்தக் கல் வழியாகப் பார்த்தபடி கல்லைத் திருப்பினார். இரண்டு பிம்பமும் மாறி மாறி மங்கின. நேற்று நான் கரையில் தலையைச் சாய்த்தேனே, அதன் மூதாதை. 1828இல் எடின்பரோவின் வில்லியம் நிகோல் கல்லைச் சாய்வாக அறுத்துப் பால்சம் போட்டு ஒட்டினார். கால்சைட்டில் சாதாரணக் கதிருக்கு ஒளிவிலகல் எண் (ஒளியை எவ்வளவு வளைக்கும் என்ற அளவு) 1.658, அசாதாரணக் கதிருக்கு 1.486. பால்சத்துக்கு 1.55, இரண்டுக்கும் நடுவே. அதனால் முதல் கதிர் பிசின்மேல் பட்டுப் பக்கவாட்டில் ஓடிக் கறுப்பு வண்ணத்தில் மாண்டுபோகும், இரண்டாவது மட்டும் நேராக வரும். எவ்வளவு அழகான ஏற்பாடு. அதை ஒரு ராத்திரியில் சைலீனில் போட்டேன் பாருங்கள்.

பிறகு 1929இல் எட்வின் லேண்ட் போலராய்டு தாளைக் கண்டுபிடித்தார். ஒரு முழு மலை கொடுத்ததை ஒரு பிளாஸ்டிக் தாள் கொடுக்க ஆரம்பித்தது. இந்தக் குழிக்கு அப்புறம் வேலை இல்லை. 1975இலிருந்து இது பாதுகாக்கப்பட்ட இடம். ஒரு பொடியைக்கூட எடுக்கக் கூடாது என்று பலகையில் தெளிவாக எழுதியிருக்கிறார்கள்.

அந்தப் பலகைதான் வினையாயிற்று.

பாறைத் தடத்துக்குப் பக்கத்தில் உட்கார்ந்து விக்ஸ் டப்பாவைத் திறந்தேன். என்ன செய்யப்போகிறேன் என்று எனக்கே தெரியாது. சும்மா, பக்கத்தில் வைத்துப் பார்க்கலாம் என்று. வைத்தேன், பார்த்தேன், ஒரு படம் எடுத்தேன். திரும்பப் பஞ்சில் சுற்றி டப்பாவில் போடும்போது பின்னால் ஒரு குரல். வெள்ளைத் தாடி, இரண்டு கையிலும் நடைக்கோல். "மேடம், அதை எடுத்த இடத்திலேயே வைத்துவிடுங்கள். பலகையைப் படிக்கவில்லையா?"

"இது என்னுடையது, இந்தியாவிலிருந்து கொண்டுவந்தேன்" என்றேன். சொன்னதும் எனக்கே நம்பும்படி இல்லை. ஐஸ்லாந்து மலைக்கு இந்தியாவிலிருந்து யார் கல் கொண்டுவருவார்கள்? அவர் ஒன்றும் பேசவில்லை, ஒரு பார்வை பார்த்தார். என் வயதில் ஒரு ஆளை நான் பரீட்சையில் பிட்டோடு பிடித்திருந்தால் அப்படித்தான் பார்த்திருப்பேன்.

தங்கை மகள் ஓடி வந்தாள். டப்பாவை வாங்கி, கல்லை அவர் கையில் வைத்து, கறுப்பு வண்ணத்தையும் அறுத்த முகத்தையும் காட்டினாள். அவர் மூக்குக்கண்ணாடியை நெற்றிக்கு ஏற்றிவிட்டுக் கல்லைக் கண்ணுக்கருகே கொண்டுபோனார். கொஞ்ச நேரம் திருப்பித் திருப்பிப் பார்த்தார். "நிகோல்" என்றார். கேள்வியாகச் சொல்லவில்லை. அவரும் மாணவப் பருவத்தில் பாறைச் சீவலை நுண்ணோக்கியில் வைத்துப் படித்தவராம். மன்னிப்புக் கேட்டார். "மற்றப் பாதி எங்கே?" என்றும் கேட்டார்.

"நாப்பது வருசத்துல உங்களை இந்தக் கேள்வி கேட்ட முதல் ஆள் இவர்தான் பெரியம்மா" என்றாள் இவள் தமிழில்.

ராத்திரி வெகுநேரம் வெளிச்சம் இருந்தது. விடுதி வாசலில் நின்று, வாங்கிவந்த மெக்சிகோ கல்லைப் பழக்கினேன். அந்த முறையை நாளை மறுநாள் சொல்கிறேன், கை விறைக்கிறது.

நாள் 4: ஸ்தோத்வார்ஃபியோர்துர்

மூடுபனி. கிழக்கு ஃபியோர்டுகளின் பனிக்கு இந்த நாட்டில் தனிப்பெயரே உண்டு. காரின் முன்விளக்குக்கு அப்பால் ஒன்றும் தெரியவில்லை. ஆறு கிலோமீட்டர் சுரங்கச் சாலை ஒன்று இருக்கிறது, அதற்குள்தான் இன்று பார்வை நன்றாகத் தெரிந்தது.

பெத்ரா என்ற அம்மாளின் கல் வீட்டைப் பார்த்தோம். 1922இல் பிறந்தவர். 1946இலிருந்து தினம் பக்கத்து மலைகளில் நடந்து, கண்ணில் பட்ட கல்லைச் சுமந்துவந்து வீட்டிலும் தோட்டத்திலும் அடுக்கியிருக்கிறார். 2012இல் காலமானார். வேலி ஓரம், ஜன்னல் விளிம்பு, செடி நடுவே எல்லாம் கல். அகேட், ஜாஸ்பர், ஊசி ஊசியாய் ஜியோலைட். கொலு வைத்தவர் எடுத்து வைக்க மறந்துவிட்ட மாதிரி ஒரு வீடு. கால்சைட்டும் உண்டு, ஆனால் அவருக்கு அது ஒன்றும் தனி ராணி இல்லை. நிறத்துக்கு ஏற்றபடி நடுவில் ஒன்று. எனக்கு அது பிடித்தது. ஒரே கல்லைப் பிடித்துக்கொண்டு திரிகிறவள் நான்.

வாசலில் மெக்சிகோ கல்லைத் தூக்கிப் பார்த்தேன். இரண்டு பிம்பமும் ஒரே சாம்பல். எந்தப் பக்கம் திருப்பினாலும் ஒரே சாம்பல். ஒலாஃப் மன்னன் கையில் இருந்தது வேறு கல்லாக இருக்க வேண்டும், இல்லை கதை சொன்னவர் நல்ல கதைசொல்லியாக இருக்க வேண்டும். கெட்டி மூடுபனியில் வெளிச்சம் பலமுறை சிதறித் தளவிளைவை இழந்துவிடும். மேலே கொஞ்சமாவது நீல வானம் வேண்டும்.

நாள் 5: எஸ்கிஃபியோர்துர்

ஆறு மணிக்கு எழுப்பினாள். "பெரியம்மா, வானம் சுத்தமா இருக்கு. சூரியன் மலைக்குப் பின்னாடி இருக்கு. ஓடி வாங்க."

இந்த ஊர்களுக்கு மலை ஒரு கதவு மாதிரி. குளிர்காலத்தில் வாரக்கணக்கில் சூரியன் மலையைத் தாண்டி எழும்பாத ஊர்கள் இந்த ஃபியோர்டுகளில் உண்டு. முதல் வெயில் ஊருக்குள் திரும்ப வரும் நாளில் பான்கேக் சுட்டுக் காபி போட்டுக் கொண்டாடுகிறார்கள். சூரியக் காபி என்று பெயர். நேற்று விடுதிக்காரம்மா சொன்னார். பொங்கல் பானை வைக்கிற ஆளுக்கு இதை விளக்க வேண்டுமா?

முறை இதுதான். கறுப்புத் தாளில் ஊசியால் ஒரு துளை போட்டுக் கல்லின் ஒரு முகத்தில் ஒட்டவேண்டும். அந்த முகம் வானத்தைப் பார்க்க, கீழிருந்து அண்ணாந்து பார்த்தால் ஒரு துளை இரண்டு வெளிச்சப் புள்ளியாகத் தெரியும். கல்லைச் சுழற்றினால் ஒன்று ஏறும், ஒன்று இறங்கும். இரண்டும் சமமாகும் இடத்தில் நிறுத்தவேண்டும். முந்தாநாள் சாயங்காலம், சூரியன் கண்ணெதிரே இருந்தபோது அப்படி நிறுத்தி, சூரியனைப் பார்த்து நகப்பாலிஷில் ஒரு அம்பு போட்டுவைத்தேன். இன்று சமமாக்கினால் அம்பு சூரியனைக் காட்டவேண்டும். சூரியன் தாழ்வாக இருக்கும்போது நேர் உச்சி வானத்தில்தான் தளவிளைவு அதிகம், எனவே உச்சியை மட்டும் பார்த்தால் போதும்.

"அந்தப் பக்கம்தான் வெளுப்பா இருக்கே பெரியம்மா. கல் எதுக்கு?"

நியாயம். அதனால் கண்ணாமூச்சி. அவள் என் கண்ணைத் துப்பட்டாவால் கட்டி, தட்டாமாலை சுற்றுகிற மாதிரி மூன்று சுற்றுச் சுற்றி, தலையை அண்ணாத்தி, அப்புறம் கட்டை அவிழ்த்தாள். நான் உச்சியைத் தவிர வேறெதையும் பார்க்கக் கூடாது. அவள் போனில் சூரியனின் சரியான திசை. எதிர் வீட்டு மாடியில் ஒருவர் காபிக் கோப்பையோடு வந்து நின்றுகொண்டார்.

வாசிப்பு 1. இரண்டு புள்ளியும் சமம், எனக்கு முழு நம்பிக்கை. அம்பு காட்டியது கடலை. பிழை 90 டிகிரி. அவள் சிரித்த சிரிப்பில் கோப்பைக்காரரும் சிரித்தார். தவறு என்னுடையது. கல்லை ஒரு முழுச் சுற்றுச் சுற்றினால் நான்கு இடத்தில் சமம் வரும். சூரியன் பக்கம், எதிர்ப்பக்கம், குறுக்கே இரண்டு. வலப்புறம் திருப்பும்போது எந்தப் புள்ளி ஏறுகிறது என்று முந்தாநாளே குறித்திருந்தால் குறுக்கு இரண்டையும் கழித்திருக்கலாம். குறிக்கவில்லை. 1986இல் தாவரவியல் அட்டெண்டரைக் கேட்காத அதே ஆள்தான் நான்.

குறித்துக்கொண்டேன். மறுபடி கண்ணைக் கட்டிச் சுற்றினாள். கழுத்து வலித்தது. மீதி இரண்டில் எது நேர், எது எதிர் என்பதற்குக் கல்லில் பதில் இல்லை, அதை மட்டும் அடிவானத்து வெளுப்பைக் கேட்டுக்கொள்ளலாம் என்று ஒப்பந்தம்.

வாசிப்பு 2. பிழை 12 டிகிரி.

வாசிப்பு 3. பிழை 7.

நோட்டில் எழுதிக்கொண்டு, விரலைத் தேய்த்துச் சூடுபண்ணி, நான்காவதுக்குக் கல்லைத் தூக்கினேன். இரண்டு புள்ளியும் ஏறி இறங்கிச் சமத்துக்கு வந்துகொண்டிருந்தன. அதற்குள் என் கை, கறுப்புத் தாள், அவள் முகம் எல்லாம் சட்டென்று மஞ்சளாகிவிட்டது. மலை விளிம்பில் சூரியனே வந்துவிட்டது.